கேமரா வீட்டுக்குள் திரும்பியபோது

ஊர்வலம், கலவரம், வேலைநிறுத்தம் என்று தெருவிலேயே நின்ற கேமரா ஆனந்த் பட்வர்தனுடையது. ‘ராம் கே நாம்’ (1992) எடுத்த அவர், முதுமையில் தளர்ந்த பெற்றோரை வீட்டில் படம்பிடித்து வைத்தது ஞாபகத்துக்காகத்தான். இருவரும் மறைந்த பிறகே அது ‘வசுதைவ குடும்பகம்’ (2023) என்ற ஆவணப்படமாயிற்று.

அம்மா நிர்மலா மண்பாண்டக் கலைஞர். பிரிவினையில் பாகிஸ்தானுக்குப் போய்விட்ட சிந்து மாகாண ஹைதராபாத்தில் பிறந்தவர். அப்பா பாலுவின் அண்ணன் அச்சுத் பட்வர்தன், 1942 போராட்டத்தைத் தலைமறைவாக இருந்து நடத்தியவர்களில் ஒருவர். பாடப்புத்தகத்தில் ஒரு வரியோடு முடிந்துவிடும் சங்கதிகள் இங்கே கேலியும் கிண்டலுமாக, வீட்டுப் பேச்சாகவே வருகின்றன. அப்பாவின் குறும்பு தனி ரகம்!

மகன் கேட்டதால் இவ்வளவாவது மிஞ்சியது. 1947இல் இருபது வயதாக இருந்தவர்களுக்கு இன்று நூறு நெருங்குகிறது. பல வீடுகளில் இன்னும் யாரும் கேட்கவில்லை.