அன்னையின் நலம் கேட்போம்

ஆண்டுதோறும் மே மாதத்தின் இரண்டாவது ஞாயிற்றுக்கிழமை அன்னையர் தினமாகக் கொண்டாடப்படுகிறது. புடவை, இனிப்பு, வாழ்த்துச் செய்தி என்று நம் நன்றியைப் பலவாறு தெரிவிக்கிறோம். இந்நாள் தோன்றிய வரலாற்றை அறிந்தால், மருத்துவமனை இதழில் இதைப் பற்றிப் பேசுவது எவ்வளவு பொருத்தம் என்பது விளங்கும்.

அமெரிக்காவின் மேற்கு வர்ஜீனியாப் பகுதியில் 19ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த ஆன் ரீவ்ஸ் ஜார்விஸ், தம் பிள்ளைகளுள் பலரை இளவயதிலேயே பறிகொடுத்த தாய். அத்துயரில் முடங்கிவிடாமல் அவர் ஊர்ப் பெண்களைத் திரட்டித் தாய்மார் சங்கங்களை அமைத்தார். அவை வீட்டுத் தூய்மையைக் கற்பித்தன. குழந்தைகள் அருந்தும் பாலைச் சோதித்தன. மருந்துக்குப் பணம் திரட்டின. காசநோயால் தாய் படுத்துவிட்ட வீடுகளுக்கு உதவிக்கு ஆள் அனுப்பின. அவர் 1905இல் மறைந்தபின், அவருடைய மகள் அன்னா ஜார்விஸின் முயற்சியால் 1908 மே 10 அன்று கிராஃப்டன் நகரத் தேவாலயத்தில் அன்னையர் தின வழிபாடு நடைபெற்றது. 1914இல் அதிபர் உட்ரோ வில்சன் இந்நாளை நாடு முழுவதற்கும் உரியதாக அறிவித்தார். நோயுற்ற தாய்க்குத் துணைநின்ற பெண்களின் பணியே இக்கொண்டாட்டத்தின் வேர்.

இன்று எந்த மருத்துவமனைக்குச் சென்றாலும் நாம் காண்பது தாய்மாரைத்தான். குழந்தைக்குக் காய்ச்சல் என்றாலும், மகனுக்கு அறுவைச் சிகிச்சை என்றாலும், மகளுக்குப் பிரசவம் என்றாலும் கட்டிலருகே பாய் விரித்துப் படுப்பவர் பெரும்பாலும் தாயே. நோயாளியின் மாத்திரை வேளைகள் அவருக்கு மனப்பாடம். ஆனால், “நீங்கள் உங்கள் மாத்திரையைச் சாப்பிட்டீர்களா?” என்று கேட்டால், “அது வீட்டில் இருக்கிறது, ஊருக்குப் போய்ப் பார்த்துக்கொள்ளலாம்” என்று சொல்லும் தாய்மார் பலர். தம் உடல்நலத்தைக் கடைசியில் வைப்பது அவர்களுக்கு இயல்பாகிவிட்டது. அந்த இயல்பைத் தியாகம் என்று புகழ்ந்து கடந்துவிடுவது நமக்கு எளிது. அதனால் வரும் துன்பமோ அவர்களுடையது.

தாய்மார் பொறுத்துக்கொண்டு கடக்கும் சில அறிகுறிகளைக் குடும்பத்தார் அறிந்திருத்தல் வேண்டும்.

களைப்பு: “வயதாகிவிட்டது, அதனால்தான்” என்று அவர்கள் சொல்லும் களைப்புக்குப் பலமுறை இரத்தசோகையே காரணம். 2019-21ஆம் ஆண்டுகளில் நடந்த தேசியக் குடும்பநல ஆய்வின்படி, இந்தியாவில் 15 முதல் 49 வயதுக்குட்பட்ட பெண்களுள் 57 விழுக்காட்டினருக்கு இரத்தசோகை உள்ளது. கருவுறாத பெண்ணுக்கு 100 மில்லிலிட்டர் இரத்தத்தில் ஹீமோகுளோபின் 12 கிராமுக்குக் குறைந்தால் அது இரத்தசோகை. படியேறும்போது மூச்சு வாங்குதல், தலைசுற்றல், படபடப்பு ஆகியவை அதன் அறிகுறிகள். மாதவிடாயில் மிகுந்த இரத்தப்போக்கும், எல்லோரும் உண்டபின் மிஞ்சியதை உண்ணும் வழக்கமும் இதற்கு வழிவகுக்கின்றன. கீரை, பயறு, மீன், இறைச்சி ஆகியவற்றில் அவருக்கும் உரிய பங்கு இருக்கட்டும். உணவோடு நெல்லிக்காயோ எலுமிச்சையோ சேர்ந்தால் இரும்புச்சத்து நன்கு உட்கிரகிக்கப்படும். உணவோடு அருந்தும் தேநீரும் காப்பியும் அதைத் தடுக்கும்.

மறைந்திருக்கும் நோய்கள்: உயர் இரத்த அழுத்தமும் சர்க்கரை நோயும் பல ஆண்டுகள் எந்த அறிகுறியும் காட்டாமல் இருக்கக்கூடியவை. “எனக்கு ஒன்றும் செய்யவில்லையே” என்ற சொல்லை நம்பி இருந்துவிட இயலாது. இரத்த அழுத்தம் வெவ்வேறு நாள்களில் 140/90 அல்லது அதற்கு மேல் இருந்தால் சிகிச்சை குறித்து மருத்துவரோடு பேசவேண்டும். கருவுற்றிருந்தபோது சர்க்கரையோ இரத்த அழுத்தமோ உயர்ந்திருந்த தாய்மாருக்குப் பிற்காலத்தில் இந்நோய்கள் வரும் வாய்ப்பு மிகுதி என்பதால், அவர்கள் தொடர்ந்து பரிசோதித்துக்கொள்வது இன்றியமையாதது.

மாரடைப்பு: நெஞ்சுவலி பெண்களுக்கும் முதன்மையான அறிகுறியே. எனினும் மூச்சுத்திணறல், குமட்டல், தாடையிலோ முதுகிலோ வலி, காரணமற்ற பெருஞ்சோர்வு ஆகியவையும் அவர்களிடம் தோன்றலாம். இவற்றை வாயுத்தொல்லை என்று எண்ணிச் சுக்குக் கஷாயம் வைத்துக் காத்திருக்கும் நேரம், இதயத்தசை அழியும் நேரம். திடீரென இத்தகைய தொல்லை தோன்றினால் 108 ஆம்புலன்ஸை அழையுங்கள்.

சொல்லக் கூசுபவை: மார்பில் தோன்றும் கட்டி தொடக்கத்தில் பெரும்பாலும் வலிப்பதில்லை, வலி இல்லை என்பதாலேயே அது மறைக்கப்படுகிறது. மாதவிடாய் நின்று ஓராண்டு கடந்தபின் சிறிதளவு இரத்தம் பட்டாலும், துர்நாற்றமுள்ள வெள்ளைப்படுதல் இருந்தாலும் உடனே மருத்துவரிடம் காட்டவேண்டும். கருப்பைவாய்ப் புற்றுநோயை அது புற்றாக மாறுவதற்கு முன்பே கண்டறிந்து தடுக்க இயலும். 30 வயதைக் கடந்த பெண்கள், தொந்தரவு எதுவும் இல்லாவிடினும் இதற்கான பரிசோதனையைச் செய்துகொள்ளவேண்டும். மகனிடம் சொல்லக் கூசும் தாய், மகளிடமோ மருமகளிடமோ சொல்லக்கூடும். அவர்கள் கேட்கவேண்டும் என்பதே எங்கள் வேண்டுகோள்.

கேட்கும் முறையும் முக்கியம். “நன்றாக இருக்கிறீர்களா?” என்ற வினாவுக்குத் தாய் தரும் விடை எப்போதும் ஒன்றே. அதற்குப் பதிலாக, “கடைசியாக எப்போது இரத்த அழுத்தம் பார்த்தீர்கள், அம்மா? இரவில் தூக்கம் வருகிறதா? மாத்திரை இன்னும் எத்தனை நாளுக்கு இருக்கிறது?” என்று கேளுங்கள். பரிசோதனைக்கு நாளைக் குறித்து, அன்று சமையலையும் பேரக்குழந்தைகளையும் வேறொருவர் பார்த்துக்கொள்ள ஏற்பாடு செய்து, உடன் செல்லுங்கள். தனியே போய்வரச் சொன்னால் அந்த நாள் தள்ளிப்போய்க்கொண்டே இருக்கும்.

மருத்துவமனையில் உங்களுக்குத் துணையாகத் தாய் தங்கியிருந்தால், அவருடைய மாத்திரைகளையும் மருந்துச் சீட்டையும் வீட்டிலிருந்து வரவழையுங்கள். இரண்டு இரவுகளுக்கு ஒருமுறையேனும் வேறொருவர் துணையிருந்து அவரை வீட்டில் உறங்க அனுப்புங்கள். அவருக்குச் சர்க்கரை நோயோ இதய நோயோ இருப்பின் அதைச் செவிலியரிடம் தெரிவித்துவையுங்கள்.

தாய்மாராகிய உங்களிடமும் ஒன்று சொல்ல விரும்புகிறோம். உங்கள் மாத்திரையை வேளை தவறாமல் உண்பது தன்னலம் ஆகாது. பிள்ளையைக் காட்ட வரும் நாளில் உங்கள் சீட்டையும் எடுத்து வாருங்கள். உங்கள் தொந்தரவையும் கூச்சமின்றிச் சொல்லுங்கள். கேட்பதற்கு நாங்கள் இருக்கிறோம்.