வளரும் மகனும் அவன் எடையும்

"பிள்ளை எலும்பும் தோலுமாய் இருக்கிறானே" என்று வருந்தும் தாய் ஒரு வீட்டில். "இப்படிப் பெருத்துக்கொண்டே போகிறானே" என்று கடிந்துகொள்ளும் தந்தை அடுத்த வீட்டில். பங்கின் இல்லங்களைச் சந்திக்கச் செல்லும்போது இவ்விரு குரல்களையும் நாம் கேட்கின்றோம். பெற்றோரின் கவலை இயல்பானதே. ஆனால் அண்டை வீட்டுப் பையன் நம் மகனுக்கு அளவுகோல் அல்லன். எடைப்பொறி காட்டும் எண்ணும் தனித்து நின்று எதையும் கூறிவிடாது.

ஓர் எடுத்துக்காட்டைக் காண்போம். மூன்று சிறுவர், மூவரும் 50 கிலோ எடையுள்ளவர். முதல்வனுக்கு வயது 13, உயரம் 150 சென்டிமீட்டர். அடுத்தவனுக்கு வயது 15, உயரம் 160. மூன்றாமவனுக்கு வயது 17, உயரம் 176. கிலோ எடையை மீட்டர் உயரத்தால் இருமுறை வகுத்தால் உடல் நிறைக் குறியீட்டெண் கிடைக்கும். இம்மூவருக்கும் அது முறையே 22.2, 19.5, 16.1 ஆகும். உலக சுகாதார நிறுவனம் 2007-இல் வெளியிட்ட அட்டவணைப்படி, 13 வயதுச் சிறுவனுக்கு 20.8-க்கு மேற்பட்டால் அது மிகை எடை. 17 வயதினனுக்கு 16.9-க்குக் குறைந்தால் அது மெலிவு. ஆக, அதே 50 கிலோ ஒருவனுக்கு மிகை, ஒருவனுக்கு அளவு, ஒருவனுக்குக் குறை! பெரியவர்களுக்குரிய எல்லைகளை வளரும் பிள்ளைக்குப் பொருத்தலாகாது என்பதும் இதனால் விளங்கும்.

எடையை அமைப்பவை எவை?

பெற்றோரிடமிருந்து வந்த உடல்வாகு ஒன்று; வளர்ச்சி வேகம் பிடிக்கும் காலம் மற்றொன்று. ஆண்பிள்ளைகள் பெரும்பாலும் 13, 14 வயதளவில் விரைந்து உயர்வர். சிலர் ஓரிரு ஆண்டுகள் முந்துவர், சிலர் பிந்துவர். இவை நம் கையில் இல்லை.

உணவும் விளையாட்டும் உறக்கமும் நம் கையில் உள்ளன. காலையில் வெறும் வயிற்றோடு ஓடும் மகன், மாலையில் எண்ணெய்ப் பலகாரத்தாலும் இனிப்புப் பானத்தாலும் பசியாறுகிறான். சுண்டலும் முட்டையும் கேழ்வரகும் மோரும் நம் அடுக்களைக்குப் புதியவை அல்லவே! நாள்தோறும் 60 நிமிடமேனும் உடல் அசைந்து விளையாடுதல் வேண்டும். 8 முதல் 10 மணி நேரம் உறங்குதல் வேண்டும். பத்தாம் வகுப்பு வந்ததும் பந்தைப் பறித்துத் தனிப்பயிற்சிக்கு அனுப்புகின்றோம். இரவில் கைப்பேசியை மட்டும் அவன் கையிலேயே விட்டுவிடுகின்றோம். பிறகு எடையைக் குறித்து அவனையே குறை கூறுவது நீதியாகுமா?

சொல்லும் சுடும்

"குண்டன்", "நோஞ்சான்" என்னும் பட்டப்பெயர்கள் வீட்டிலேயே பிறக்கின்றன. அவற்றைக் கேட்டு நாணிய பிள்ளை மைதானத்திற்குப் போவதை நிறுத்துகிறான். ஒளித்து உண்கிறான், அல்லது உண்ணாமலே கிடக்கிறான். சதை போடும் என்று யாரோ சொன்ன மாவை வாங்கி விழுங்குபவனும் உண்டு. வளரும் உடலைப் பட்டினி போடுதல் தீது. திருச்சபையின் 1983-ஆம் ஆண்டுச் சட்டத்தொகுப்பும் ஒருசந்திக் கடமையை 18 வயது நிறைந்தவர்க்கே விதிக்கிறது என்பதைப் பெற்றோர் நினைவிற் கொள்க.

மருத்துவரை நாடவேண்டிய வேளை

ஆறு திங்களுக்கு ஒருமுறை உயரத்தையும் எடையையும் அளந்து குறித்து வையுங்கள். உயரம் கூடாமல் எடை மட்டும் கூடினாலும், காரணமின்றி எடை குறைந்தாலும் மருத்துவரிடம் காட்டுங்கள். மெலிவோடு மிகுந்த தாகமும் அடிக்கடி சிறுநீர் கழித்தலும் சேர்ந்தால் அது நீரிழிவாக இருக்கலாம். ஒரு நாளும் தாமதிக்கலாகாது. பருத்த பிள்ளையின் பின்கழுத்தில் மெத்தெனப் படரும் கருமையை அழுக்கென்று தேய்க்காதீர்கள். இன்சுலின் சரிவர வேலை செய்யாததன் அறிகுறியாக அது இருக்கக்கூடும்.

மகனுக்கென்று தனிப் பத்தியம் வேண்டா. வீட்டார் அனைவரும் ஒரே உணவை ஒன்றாய் அமர்ந்து உண்ணுங்கள்; தந்தையும் அவனோடு மாலையில் நடக்கட்டும். அறிவுரையைவிட அதுவே அவனுக்குப் பெருந்துணையாகும்.