உஷார்! உங்கள் கேஸ் உயிரோடு இருக்கிறதா?

"நிலத்து கேஸ் கோர்ட்டுல நடந்துக்கிட்டு இருக்கு" என்று வருஷக்கணக்காகச் சொல்லிக்கொண்டிருப்பவரா நீங்கள்? கடைசி வாய்தாவில் என்ன நடந்தது என்று தெரியாவிட்டால், அந்த கேஸ் எப்போதோ முடிந்து போயிருக்கலாம். கூப்பிட்டபோது ஆள் இல்லை என்பதற்காக!

அது நடக்க ஒரு நிமிஷம் போதும். டவாலி மூன்று முறை பெயரைக் கூவுகிறார். வாதியும் இல்லை, வக்கீலும் இல்லை. எதிர்த்தரப்பு வக்கீல் மட்டும் எழுந்து நிற்கிறார். 'டிஸ்மிஸ்டு ஃபார் டிஃபால்ட்' (ஆஜராகாததால் தள்ளுபடி) என்று கேஸ் கட்டில் ஒரு வரி ஏறுகிறது. அடுத்த நம்பரைக் கூப்பிட்டுவிடுவார்கள். உங்கள் பத்திரத்தையோ பட்டாவையோ யாரும் புரட்டிப் பார்த்திருக்க மாட்டார்கள்.

வழக்கை மறுபடி கோப்பில் எடுக்க மனு போட, 1963ஆம் ஆண்டு காலவரையறைச் சட்டம் தருவது 30 நாள். அதுவும் உங்களுக்குத் தெரியவந்த நாளிலிருந்து அல்ல, தள்ளுபடியான தேதியிலிருந்தே ஓடுகிறது. கோர்ட்டிலிருந்து தபால் வரும் என்று உட்கார்ந்திருந்தால் போச்சு. 'போகட்டும், புதுசா கேஸ் போட்டுக்கலாம்' என்பதும் நடக்காது: எதிராளி ஆஜராகி, நீங்கள் வராமல் தள்ளுபடியானால், அதே காரணத்துக்குப் புது வழக்கு போட சிவில் நடைமுறைச் சட்டம் கட்டளை 9, விதி 9 தடை போடுகிறது.

கெடு தாண்டியவர்கள் அதே காலவரையறைச் சட்டத்தின் பிரிவு 5-ன் கீழ் தாமதத்தை மன்னிக்கச் சொல்லித் தனி மனு போட வேண்டும். அதில் எழுத நம் ஊரில் ஒரே வியாதிதான், மஞ்சள் காமாலை! நீதிபதிகளுக்கே அது அலுத்துவிட்டது. வக்கீலின் தவறுக்குக் கட்சிக்காரரைத் தண்டிக்கக் கூடாது என்று 1981-ல் ரஃபீக் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது உண்மைதான். அதற்காக, வருஷக்கணக்கில் கோர்ட் பக்கமே எட்டிப் பார்க்காதவரையும் அது காப்பாற்றும் என்று நம்பிவிடாதீர்கள்.

இதைவிட நைசாகக் கழுத்தை அறுப்பது கண்டிஷன் உத்தரவு. 'மனு அனுமதி' என்றதுமே சந்தோஷமாக வீட்டுக்குப் போய்விடுகிறார்கள். இன்ன தேதிக்குள் செலவுத்தொகை கட்ட வேண்டும், தவறினால் மனு தள்ளுபடி என்ற பின்பாதி காதில் விழுவதில்லை. சம்மனுக்கு பேட்டா கட்டாமல் விட்டாலும் வழக்கு போகும். செக் கேஸில் புகார்தாரர் வராவிட்டால் இன்னும் மோசம். பணம் தர வேண்டியவர் விடுதலையே ஆகிவிடலாம்.

வக்கீலிடமோ குமாஸ்தாவிடமோ உங்கள் வழக்கின் 16 இலக்க சி.என்.ஆர். எண்ணை இன்றே வாங்குங்கள். இ-கோர்ட்ஸ் ஆப்பில் போட்டால் அடுத்த வாய்தா தேதி தெரியும். அதற்குப் பதிலாக 'டிஸ்போஸ்டு' (முடிந்துவிட்டது) என்று காட்டினால், மறுநாள் காலையே கோர்ட்டுக்குப் போய் உத்தரவின் நகலுக்கு மனு போடுங்கள். வக்கீலோடு சண்டை போடுவதை அப்புறம் வைத்துக்கொள்ளலாம்.