அணை மீனும் புளிக்குழம்பும்

தேனி மாவட்டத்துக்குக் கடற்கரை கிடையாது. மேற்கே மேற்குத் தொடர்ச்சி மலையும் கிழக்கே மேகமலை, வருசநாட்டு மலைகளும் நிற்க, நடுவே நீண்டு கிடக்கும் கம்பம் பள்ளத்தாக்கின் மீன் குழம்பு, அணையும் கண்மாயும் வாய்க்காலும் தந்த மீன்களைக் கொண்டு வளர்ந்த ஒன்று. கடல்மீனுக்கு ஏற்ற செய்முறையை அப்படியே நன்னீர் மீனுக்குப் பொருத்தினால் குழம்பில் மண்வாடை தங்கும், மீனும் கரைந்துபோகும். இப்பகுதிச் சமையலின் நுட்பம், இவ்விரண்டையும் தடுக்கும் வகையில் புளியும் எண்ணெயும் நெருப்பும் எந்த வரிசையில் சேர வேண்டும் என்பதில்தான் இருக்கிறது.

இந்த மீன்வளத்துக்குப் பாசன வரலாறே அடிப்படை. ஜான் பென்னிகுவிக் முன்னின்று கட்டிய முல்லைப் பெரியாறு அணை 1895இல் நிறைவேறியதும், மேற்கு நோக்கி ஓடிக்கொண்டிருந்த பெரியாற்று நீர் மலையைக் குடைந்த சுரங்கம் வழியாகக் கிழக்கே திருப்பப்பட்டு, இன்றைய லோயர் கேம்ப் அருகே இறங்கி, கம்பம் பள்ளத்தாக்கில் 14,707 ஏக்கர் இருபோக நெல்வயல்களுக்குப் பாய்ந்து, பின்னர் தேனிக்கு அருகே வைகையோடு கலக்கத் தொடங்கியது. ஆண்டிபட்டிக்கு அருகில் 1959இல் திறக்கப்பட்ட வைகை அணை அந்த நீரையும் வைகையின் சொந்த நீரையும் சேர்த்துத் தேக்குகிறது. நெல்வயலும் வாய்க்காலும் சிறு மீன்களுக்கு வாழிடமாயின; அணையின் பரந்த நீர்ப்பரப்பு பெரிய மீன்களுக்கு வீடாயிற்று.

ஆனால் அணையில் இன்று வலைக்கு அகப்படும் மீன்களில் பல இம்மண்ணுக்கு உரியவை அல்ல என்பதைச் சமைப்பவர் அறிந்திருப்பது நல்லது. கட்லா, ரோகு, மிர்கால் ஆகிய பெருங்கெண்டைகள் கங்கைச் சமவெளியின் ஆறுகளைச் சேர்ந்தவை. ஓடும் நீரில் மட்டுமே முட்டையிடும் இயல்புடைய இவற்றைத் தேங்கிய நீரில் இனப்பெருக்கம் செய்விப்பது நெடுங்காலம் இயலாததாக இருந்தது. 1957 ஜூலை 10 அன்று ஹீராலால் சவுத்ரியும் அவருடைய குழுவினரும் ஒடிசாவில், பிட்யூட்டரி என்னும் மூளையடிச் சுரப்பியின் சாற்றை மீனுக்கு ஊசிவழி செலுத்தி முட்டையிடச் செய்த பின்னரே, குஞ்சுகளைப் பண்ணையில் பெருக்கி நாடெங்கும் நீர்த்தேக்கங்களில் விடும் முறை உறுதிப்பட்டது. அந்நாளே இன்று தேசிய மீன் விவசாயிகள் நாளாகக் கொண்டாடப்படுகிறது. மக்கள் ஜிலேபி என்றும் ஜிலேபிக் கெண்டை என்றும் அழைக்கும் திலேப்பியா ஆப்பிரிக்காவைச் சேர்ந்தது; 1952இல் இந்தியாவுக்குள் கொண்டுவரப்பட்டது. தாய்மீன் முட்டைகளையும் குஞ்சுகளையும் வாய்க்குள் வைத்துக் காப்பதாலும், சில மாதங்களிலேயே முட்டையிடும் பருவத்தை எட்டிவிடுவதாலும், யாரும் குஞ்சு விடாமலேயே அது பெருகிவிடுகிறது. இவற்றுக்கு நடுவே இம்மண்ணின் மீன்களான விரால், கெளுத்தி, குரவை, ஆரால், அயிரை ஆகியவையும் சந்தைக்கு வருகின்றன.

சட்டியில் இவை நடந்துகொள்ளும் விதம் வேறுவேறு. பெருங்கெண்டைகளின் தசைக்குள் முதுகெலும்போடு இணையாத, கிளைத்த நுண்முள்கள் நிறைய உண்டு. குழந்தைகளுக்கு ஊட்டுவதற்கு அவை தொல்லை. ஜிலேபிக்கும் விராலுக்கும் அத்தகைய முள் இல்லை. விரால் தலைக்குள் காற்றைச் சுவாசிக்கும் தனி உறுப்பைப் பெற்றிருப்பதால் நீருக்கு வெளியிலும் நெடுநேரம் உயிரோடு இருக்கும்; ஆகவே உயிர் மீனாகவே விற்கப்பட்டு, புத்தம் புதிதாகச் சட்டிக்கு வந்து சேரும். குழம்புக்கு உறுதியான தசை வேண்டுவோர் விராலை விரும்புவதற்குக் காரணம் இதுவே.

நன்னீர் மீனின் மண்வாடைக்கும் கடல்மீனின் கவுச்சிக்கும் மூலம் ஒன்றல்ல. கடல்மீன்கள் உப்புநீரின் அழுத்தத்தைச் சமாளிக்கத் தசைக்குள் டிரைமெத்திலமைன் ஆக்சைடு என்னும் பொருளைச் சேர்த்து வைத்திருக்கின்றன. மீன் இறந்தபின் பாக்டீரியாக்கள் அதைச் சிதைத்து, நாற்றமுடைய டிரைமெத்திலமைனாக மாற்றுகின்றன. நன்னீர் மீனில் அப்பொருள் மிகக் குறைவு. அதில் எழும் மண்வாடைக்குக் காரணம், நீலப்பச்சைப் பாசிகளும் சேற்றில் வாழும் ஆக்டினோமைசீட்டுகள் என்னும் நுண்ணுயிர்களும் உண்டாக்கும் ஜியோஸ்மின் என்னும் சேர்மம். முதல் மழை தரையில் விழும்போது எழும் மணமும் இதே சேர்மத்தால் வருவதே. ஒரு லிட்டர் நீரில் ஒரு கிராமின் பத்துக் கோடியில் ஒரு பங்கு கலந்திருந்தாலே மனித மூக்கு அதைக் கண்டுகொள்ளும். மீன் அதைச் செவுள் வழியாக உள்வாங்கித் தன் கொழுப்பில் தேக்கிக்கொள்கிறது. எனவே மண்வாடை மீன் பழசானதன் அடையாளம் அல்ல. அன்று காலையில் பிடித்த மீனிலும் அது இருக்கும். நீர் வற்றிப் பாசி படர்ந்த கோடைக்காலத்தில் கூடுதலாக இருக்கும்.

இந்த அறிவு மீன் ஆய்வதிலிருந்தே பயன்படுகிறது. செதிலை உரசி, செவுளை முழுவதும் நீக்கி, வயிற்றின் உட்புறத்தில் ஒட்டியிருக்கும் கறுப்புச் சவ்வைச் சுரண்டி எடுத்து, முதுகெலும்பின் அடியில் உறைந்திருக்கும் இரத்தத்தை விரலால் தேய்த்துக் கழுவினால், வாடையின் ஒரு பகுதி அங்கேயே போய்விடும். பின்னர் கல்லுப்பும் மஞ்சள்தூளும் போட்டுத் தேய்த்து, கொழகொழப்பு நீங்கும்வரை மூன்று நான்கு முறை நீர் மாற்றி அலச வேண்டும். எஞ்சிய ஜியோஸ்மினைக் கையாள்வது புளியின் வேலை: அமிலச் சூழலில் அச்சேர்மம் மணமற்ற வேறொரு பொருளாக மாறும் தன்மையுடையது. அதோடு அமைன்கள் எதுவாயினும் அமிலத்தோடு சேர்ந்து ஆவியாகாத உப்புகளாகிவிடுவதால் அவற்றின் நாற்றமும் அடங்குகிறது. புளியிலுள்ள டார்டாரிக் அமிலம், வினிகரின் அசிட்டிக் அமிலத்தைப் போல ஆவியாகிப் போவதில்லை; எவ்வளவு கொதித்தாலும் சட்டியிலேயே தங்கி வேலை செய்கிறது. நன்னீர் மீன் கிடைக்கும் ஊர்களில் மீன் குழம்பு என்றாலே புளிக்குழம்பாக இருப்பது வெறும் சுவைப் பழக்கம் மட்டுமன்று.

ஆனால் அதே அமிலம் வெங்காயத்தை வேகவிடாது. தாவரத் திசுக்களை ஒட்டிப் பிடித்திருக்கும் பெக்டின் என்னும் பொருள் அமிலத்தில் எளிதில் கரைவதில்லை. அரைவேக்காட்டு வெங்காயத்தின் மேல் புளிக்கரைசலை ஊற்றிவிட்டால் அதன் பிறகு எத்தனை நேரம் கொதித்தாலும் அது கடிபட்டுக்கொண்டே இருக்கும். ஆகவே வெங்காயமும் பூண்டும் எண்ணெயில் முழுமையாக வதங்கிய பின்னரே புளி சேர வேண்டும். வரிசை மாறினால் குழம்பு நீர்த்தும் வெங்காயம் தனித்தும் நிற்பது இதனால்தான். மசாலா போதவில்லை என்று மேலும் தூளைக் கொட்டுவதால் அக்குறை தீராது.

ஒரு கிலோ மீனுக்குச் சின்ன வெங்காயம் 200 கிராம், பூண்டு 15 பல், தக்காளி மூன்று, புளி ஏறத்தாழ 60 கிராம், நல்லெண்ணெய் 75 முதல் 100 மில்லிலிட்டர், மிளகாய்த்தூள் இரண்டு மேசைக்கரண்டி, மல்லித்தூள் நான்கு மேசைக்கரண்டி என்பது வீட்டுக் கணக்கு. புளியை வெந்நீரில் ஊறவைத்துக் கரைத்து, அக்கரைசலிலேயே தூள்களையும் உப்பையும் கலந்து வைப்பதைக் குழம்பு கூட்டுதல் என்பர். கூட்டிய கரைசலைப் பச்சையாகவே நாவில் வைத்துப் பார்த்து, புளிப்பும் உப்பும் காரமும் சற்றுத் தூக்கலாக இருக்கிறதா என்று கணிப்பது தேர்ந்தவர்களின் பழக்கம். மீன் துண்டுகள் பின்னர் உப்பையும் புளிப்பையும் வாங்கிக்கொள்ளும் என்பதால் அந்தத் தூக்கல் தேவையானது.

மண்சட்டியில் நல்லெண்ணெய் காய்ந்ததும் கடுகு, அரைத் தேக்கரண்டி வெந்தயம், கறிவேப்பிலை தாளிக்க வேண்டும். வெந்தயம் பொன்னிறத்தைத் தாண்டிக் கறுத்தால் குழம்பு முழுவதும் கசக்கும்; அளவாகப் பொரிந்தால் மணமும், அதிலுள்ள காலக்டோமன்னன் என்னும் பசைப்பொருளால் குழம்புக்குச் சிறிது கெட்டித்தன்மையும் தரும். வெங்காயமும் பூண்டும் சுருள வதங்கி, தக்காளி குழைந்த பின், கூட்டிய கரைசலை ஊற்றி, தூளின் பச்சை வாசனை போய் எண்ணெய் பிரிந்து மேலே மிதக்கும்வரை கொதிக்கவிட வேண்டும். இதற்கு 15 முதல் 20 நிமிடம் ஆகலாம். மிளகாயின் காரப்பொருளான கேப்சைசினும் மஞ்சளின் நிறப்பொருளான குர்குமினும் நீரைவிட எண்ணெயில் நன்றாகக் கரைபவை என்பதால், மேலே சிவந்து மிதக்கும் அந்த எண்ணெய்தான் குழம்பு தேறியதற்கான சான்று. கெட்டியாக வேண்டுவோர் கால் மூடித் தேங்காயைச் சீரகத்தோடு மையாக அரைத்து இந்நிலையில் சேர்க்கின்றனர். மாங்காய்ப் பருவத்தில் இரண்டு துண்டு மாங்காய் போடும்போது புளியைக் குறைத்துக்கொள்ள வேண்டும்.

குழம்பு முழுவதும் வெந்து முடிந்த பிறகே மீன் இறங்க வேண்டும். ஆட்டிறைச்சி கொதிக்கக் கொதிக்க மென்மையாவதும் மீன் கொதிக்கக் கொதிக்கக் கெடுவதும் தசையின் அமைப்பால் வரும் வேறுபாடு. தன் எடையை நீரே தாங்குவதால் மீனுக்கு வலுவான இணைப்புத் திசு தேவைப்படுவதில்லை. அதன் தசை குட்டையான இழைகளாலான அடுக்குகளாக அமைந்து, அடுக்குகளுக்கிடையே கொலாஜன் என்னும் புரதத்தாலான மெல்லிய சவ்வு மட்டும் உள்ளது. அச்சவ்வு குறைந்த வெப்பத்திலேயே இளகிக் கரைந்துவிடுவதால், 60 டிகிரி செல்சியஸ் அளவிலேயே மீன் வெந்து, இதழ் இதழாகப் பிரியத் தொடங்கும். அதற்கு மேலான கொதிப்பு ஒவ்வொரு நிமிடமும் தசையிலிருந்து நீரைப் பிழிந்து வெளியேற்றுகிறது. ஆகவே கனமான தலை, வால் துண்டுகளை முதலில் இட்டு, சற்றுப் பொறுத்து நடுத்துண்டுகளை இட்டு, மிதமான நெருப்பில் ஏழெட்டு நிமிடம் வைத்தால் போதும். மீன் இறங்கிய பின் கரண்டி போடக் கூடாது. சட்டியின் இரு விளிம்பையும் துணியால் பிடித்து மெல்லச் சுழற்றிவிட வேண்டும். மண்சட்டி அடுப்பிலிருந்து இறங்கிய பின்னும் தன் சூட்டால் சிறிது நேரம் கொதித்துக்கொண்டே இருக்கும் என்பதையும் கணக்கில் கொண்டு, மீன் முழுவதும் வேகும் தறுவாயிலேயே நெருப்பை அணைப்பது நல்லது. உலோகப் பாத்திரம் பயன்படுத்துவோர் அலுமினியத்தைத் தவிர்க்க வேண்டும். புளியின் அமிலம் அதை அரித்துக் குழம்பில் கலக்கும்.

அயிரைக்கு மட்டும் தனி நடைமுறை உண்டு. விரல் நீளமே உள்ள இம்மீன், மணலில் புதைந்து இரை தேடுவதால் குடலில் மணலோடு இருக்கும். குடலின் சுவரால் காற்றிலிருந்து ஆக்சிஜனை ஈர்த்துக்கொள்ளும் அரிய திறன் உடையதாகையால், குறைந்த நீரிலும் உயிரோடு சந்தைக்கு வரும். அதைச் சிறிது பால் கலந்த நீரில் விட்டு வைத்தால் மணலைக் கக்கிவிடும் என்பது மதுரை, தேனி வட்டாரங்களின் நடைமுறை. பின்னர் சொரசொரப்பான மண்சட்டியில் கல்லுப்போடு தேய்த்து வழுவழுப்பை நீக்கி, வெட்டாமல் முழு மீனாகவே கொதிக்கும் குழம்பில் இடுகின்றனர். முள்ளோடு உண்ணப்படுவதால் அதன் முள்ளிலுள்ள சுண்ணாம்புச் சத்தும் உடலுக்குக் கிடைக்கிறது.

மறுநாள் குழம்பு கூடுதலாகச் சுவைக்கிறது என்பதும் உண்மையே. முதல் நாள் மேற்பரப்பில் மட்டும் ஏறிய உப்பும் புளிப்பும் இரவுக்குள் துண்டின் நடுப்பகுதி வரை ஊடுருவுகின்றன. தலை, தோல் ஆகியவற்றிலிருந்து இறங்கிய கொலாஜன் ஜெலட்டினாக மாறிக் குழம்பைக் கெட்டிப்படுத்துகிறது. ஆயினும் புளியின் காப்பை அளவுக்கு மீறி நம்பலாகாது. கோடையில் குழம்பை இரவு முழுவதும் வெளியில் வைக்காமல், ஆறியவுடன் குளிர்சாதனப் பெட்டியில் வைத்து, மறுநாள் நன்கு கொதிக்கவைத்து உண்பதே முறை.

தொலைவிலுள்ள துறைமுகங்களிலிருந்து பனிக்கட்டியில் வந்து சேரும் வஞ்சிரத்துக்கும் பாறைக்கும் கொடுக்கும் மதிப்பை, பள்ளத்தாக்கின் மக்கள் பலர் தங்கள் அணையில் அன்றன்று பிடிபடும் மீனுக்குக் கொடுப்பதில்லை. மலிவு என்பதாலேயே ஜிலேபி தாழ்வாக எண்ணப்படுகிறது. செவுள் சிவந்து, கண் பிதுங்கித் தெளிந்து, தசை விரல் அழுத்தத்துக்கு மீண்டெழும் ஒரு ஜிலேபி, முறையாக ஆய்ந்து மேற்சொன்ன வரிசையில் சமைக்கப்படுமானால், பல நாள் பனியில் கிடந்த கடல்மீனைவிடச் சிறந்த குழம்பைத் தரும். அடுத்த முறை மீன் வாங்கச் செல்வோர், அணை மீன் விற்கும் கடையை முதலில் பார்க்க வேண்டும்.