பச்சை விழுந்து மஞ்சள் வரும் கல்

கையிலிருக்கும் கல் வைரமா, வைரம்போல் மின்னும் ஸிர்கோனியாவா? 532 நானோமீட்டர் பச்சை லேசரை அதன்மேல் பாய்ச்சிப் பார்த்தால் போதும். வைரம் என்றால், சிதறி வரும் ஒளியில் 573 நானோமீட்டர் அருகே மெல்லிய மஞ்சள் கோடு ஒன்று இருக்கும். ஸிர்கோனியாவில் அது இராது. (ஆய்வகத்தில் வளர்த்த வைரமும் இதே கோட்டைத்தான் காட்டும், அதுவும் வைரம்தானே!) இந்தக் கோட்டைப் பிடிக்கும் கருவிக்கு ராமன் நிறமாலைமானி என்று பெயர்.

பச்சை எப்படி மஞ்சளாகிறது? பொருளுக்குள் அணுப் பிணைப்புகள் சுருங்கி விரிந்து அதிர்ந்தபடியே இருக்கின்றன. அதில் பட்டுச் சிதறும் ஒளித்துகள்களில் ஏறக்குறைய எல்லாமே ஆற்றல் குறையாமல் போய்விடும். சுமாராகக் கோடியில் ஒன்று மட்டும், சுங்கச்சாவடியில் பணம் கட்டுவதுபோல், தன் ஆற்றலில் ஒரு பகுதியை அந்த அதிர்வுக்குக் கொடுத்துவிட்டுப் போகும். ஆற்றல் குறைந்தால் அலைநீளம் கூடும், நிறம் சிவப்புப் பக்கம் நகரும். எவ்வளவு கொடுக்க வேண்டும் என்பது பிணைப்புக்குப் பிணைப்பு மாறும். அதனால்தான் நகர்ந்த தூரத்தை வைத்தே பொருளை அடையாளம் சொல்ல முடிகிறது.

இந்தச் சிதறலைக் கண்டுபிடித்த 1928-இல் லேசர் ஏது? கல்கத்தா பவுபஜார் தெருவில் இருந்த ஆய்வுக்கூடத்தில் சி.வி. ராமனும் கே.எஸ். கிருஷ்ணனும் வெயிலையே விளக்காக்கினார்கள். தொலைநோக்கி வில்லையால் குவித்த வெயிலை நீல-ஊதா வடிகட்டி வழியே, தூசு நீக்கிய திரவத்துக்குள் விட்டார்கள். பக்கவாட்டில் பார்க்கும் கண்ணுக்கு முன்னால் பச்சை வடிகட்டி. ஒன்று விடுவதை மற்றது தடுக்கும். இரண்டையும் சேர்த்து வைத்தால் இருட்டுதான். ஆனால் திரவம் நடுவில் இருந்தபோது மங்கலாக வெளிச்சம் தெரிந்தது. உள்ளே போகாத நிறம் வெளியே வந்தால், அது திரவத்தில்தான் பிறந்திருக்க வேண்டும். திரவம் ஒளியை உறிஞ்சி வேறு நிறத்தில் உமிழும் வெறும் ஒளிர்வோ என்ற சந்தேகமும் நிற்கவில்லை: ஒளிர்வில் எதிர்பார்க்க முடியாத அளவுக்கு அந்த ஒளி முனைவாக்கம் பெற்றிருந்தது, அதாவது அதன் அலைகள் பெரும்பாலும் ஒரே தளத்தில் அதிர்ந்தன. அறுபது திரவங்கள் வரை சோதித்தார்கள். திருச்சியில் பிறந்த ராமனுக்கு 1930-இல் நோபல் பரிசு வந்தது. வத்திராயிருப்பில் பிறந்த கிருஷ்ணனை நம் பாடப்புத்தகங்கள் ஒரு வரியில் தாண்டிவிடுவது எனக்குத் தீராத குறை.

அன்று சந்தேகம் கிளப்பிய ஒளிர்வு இன்றும் தொல்லைதான். சாயமோ எண்ணெயோ கலந்த பொருளில் அது பெருகி, ராமன் கோடுகளை மூழ்கடித்துவிடும். அதற்காகவே பல கையடக்கக் கருவிகளில் 785 நானோமீட்டர் அகச்சிவப்பு லேசரை வைக்கிறார்கள். ஒளிர்வு வெகுவாக அடங்கும். ஆனால் அலைநீளம் கூடக்கூடச் சிதறலும் வேகமாகக் குறையும். ஏற்கெனவே கோடியில் ஒன்றாக இருந்த ஒளி இன்னும் மெலிந்துதான் வந்து சேரும்.