வட்டும் நிலைபொருளும்

பழைய வட்டு விளையாட்டுக் கருவிகளைக் கணினியில் மீண்டும் இயக்க முனைவோர்க்கு முதலிலேயே ஒரு தடை எதிர்ப்படும். வட்டைப் பழுதறப் படியெடுத்திருப்பினும் விளையாட்டு தொடங்குவதில்லை. காரணம் யாது? வட்டில் இருப்பது விளையாட்டு மட்டுமே. அதனைத் தொடங்கிவைக்கும் கட்டளைத் தொகுதி, கருவியினுள் ஒரு சில்லில் பதிந்திருந்தது. ‘பயாஸ்’ எனப்படும் அதனை நிலைபொருள் என்பர். கருவியைப் போலவே இயங்கிக் காட்டும் மென்பொருளாகிய எமுலேட்டருக்கு அந்நிலைபொருளின் படியும் வேண்டும்.

அந்நிலைபொருளும் எங்கும் ஒன்றாய் அமைந்ததன்று. செகா நிறுவனத்தின் ‘மெகா சிடி’ கருவி 1991இல் ஜப்பானிலும், 1992இல் ‘செகா சிடி’ என்னும் பெயரில் வட அமெரிக்காவிலும், 1993இல் ஐரோப்பாவிலும் வெளிவந்தது. வட்டாரத்திற்கு வட்டாரம் நிலைபொருள் வேறு. அளவோ ஒன்றே, 128 கிலோபைட். கருவியை முடுக்கியதும் நிலைபொருள், வட்டின் தொடக்கத்திலுள்ள காப்புக் குறியீட்டைத் தன்னிடம் உள்ளதோடு ஒப்பிடும். ஒத்தால் வழிவிடும், ஒவ்வாவிடின் வட்டை ஏலாது. ஆகவே, ஜப்பானிய வட்டுக்கு அமெரிக்க நிலைபொருளை அளித்தால் எமுலேட்டரிலும் அதே மறுப்புத்தான். கோப்பின் பெயரை மாற்றி வைப்பதால் பயனில்லை.

எல்லாக் கருவிகளும் இவ்வாறே எனக் கொள்ளுதல் பிழை. சோனியின் முதல் பிளேஸ்டேஷனில் வட்டாரக் குறி, வட்டுத் தடத்தின் நுண்ணிய அசைவில் பொறிக்கப்பட்டிருந்தது. அதனைப் படித்தது வட்டு இயக்கியின் கட்டுப்பாட்டுச் சில்லே. சாதாரணப் படியில் அக்குறி வாராது.

இனி, உரிமை பற்றிய கேள்வி எழும். நிலைபொருளும் பதிப்புரிமை உடையதே. கனெக்டிக்ஸ் நிறுவனம் பிளேஸ்டேஷன் நிலைபொருளை ஆராய்ந்து, அதற்கு ஈடானதைத் தானே புதிதாக எழுதி, 1999இல் ஓர் எமுலேட்டரை வெளியிட்டது. சோனி வழக்குத் தொடுத்தது. ஆய்வுக்காக இடையில் எடுத்த படிகள் நியாயமான பயன்பாடே என 2000இல் அமெரிக்க மேல்முறையீட்டு மன்றம் தீர்ப்பளித்தது. ஆராய்ந்து புதிதாக எழுதுவதற்கே அத்தீர்ப்பு இடம் தந்தது. பிறர் எழுதியதை அப்படியே எடுத்து வழங்குவதற்கன்று. சட்டமும் நாட்டுக்கு நாடு வேறுபடும்.

வட்டுகளைத் திரட்டிக் காப்போர் பலர். ஆனால், எந்த வட்டு எந்த வட்டாரத்தது, அதற்குரிய நிலைபொருள் எது என்னும் குறிப்பும் உடன் காக்கப்படவேண்டும். அஃதின்றேல், எஞ்சும் வட்டு திறவுகோலற்ற பேழையாகிவிடும்.