உருவமில்லாத கிரகம்

ஆடி அமாவாசையன்று கிழக்கிலங்கைத் திருக்கோவில் சித்திர வேலாயுத சுவாமி ஆலயத்துக்கு முன்னாலுள்ள சமுத்திரத்தில் தீர்த்தமாடி, காலஞ்சென்ற தகப்பனை நினைந்து எள்ளுந் தண்ணீரும் இறைத்துக் கரையேறும் ஜனத்திரளில் எவரேனும் ஒருவர், சூரியனும் சந்திரனும் ஒரே திக்கில் சேர்ந்து நிற்கும் இந்நாளில் சந்திரன் சூரியனை மறைக்காமல் விட்டது எதனால் என்று கேட்பாராயின், அதற்குரிய விடை நவக்கிரக மேடைகளின் ஓரத்திலே, மனிதத் தலையும் பாம்புடலுமாக, உளுந்து நைவேத்தியம் ஏற்றுக்கொண்டு நிற்கிறது. அதுதான் ராகு. எந்தத் தொலைகாட்டிக்கும் அகப்படாத கிரகம் அது; அப்படி இல்லாத ஒன்றின் இருப்பிடத்தை நம் முன்னோர் கலை விகலை பிசகாமல் கணிக்க முயன்றதுதான் விசித்திரம்.

அமிர்தம் பரிமாறிய பந்தியிலே தேவர் வேஷத்தில் புகுந்த அசுரனைச் சூரியனும் சந்திரனும் காட்டிக்கொடுக்க, திருமால் அவனை இரு கூறாக்க, தலை ராகுவாகவும் உடல் கேதுவாகவும் நின்று பழி தீர்க்கின்றன என்ற கதை எல்லோருக்கும் தெரிந்தது. சங்கப் புலவர்களும் மதியைப் பாம்பு விழுங்குவதாகவே பாடினர். நாகர்முனை என்று பழம்பெயர் வழங்கும் இக்கரையிலே அந்தப் பாம்பு அந்நியமானதுமன்று. கிரகணம் நிழலால் உண்டாவதென்று ஐந்தாம் நூற்றாண்டின் இறுதியிலேயே ஆரியபடர் எழுதிவிட்டார். எனினும் ராகுவைப் பஞ்சாங்கத்திலிருந்து எவரும் விலக்கவில்லை. விலக்கினால் கிரகணக் கணக்கே நடவாது.

சூரியன் நட்சத்திரங்களினூடே ஓராண்டில் நடந்து முடிப்பதாகத் தோன்றும் பாதையும், சந்திரன் ஒரு மாதத்தில் சுற்றிவரும் பாதையும் ஒன்றன்மேலொன்று படியாமல், ஐந்து பாகைக்குச் சற்று மேலான சாய்வில் எதிரெதிரான இரண்டு இடங்களில் வெட்டிக்கொள்கின்றன. சந்திரன் வடக்கு நோக்கி ஏறும் சந்தி ராகு, தெற்கு நோக்கி இறங்கும் சந்தி கேது. ஐந்து பாகை அற்பமாகத் தோன்றலாம். ஆனால் பூரண சந்திரனின் அகலமே அரைப் பாகைதான் என்பதையும், அது ஏறத்தாழ 3,84,000 கிலோமீற்றருக்கு அப்பாலிருப்பதையும் சேர்த்துப் பார்த்தால், சாதாரண அமாவாசையொன்றில் அதன் நிழல் பூமியின்மேல் விழாமல், பூமியின் மையத்திலிருந்து 30,000 கிலோமீற்றருக்கு மேலும் விலகிப் போய்விடக்கூடும் என்பது விளங்கும். சந்திகளில் ஒன்றை அடுத்து அமாவாசை நேர்ந்தால் மாத்திரமே சூரிய கிரகணம். சந்திகளோ நிலையாக நிற்பவையல்ல. சூரியனின் ஈர்ப்பு சந்திரனது பாதையை ஓயாது அசைத்துக்கொண்டிருப்பதால், அவை பின்னோக்கி நகர்ந்து 18.6 ஆண்டில் ஒரு வட்டத்தை முடிக்கின்றன. ராகு-கேதுப் பெயர்ச்சி ஏறக்குறைய ஒன்றரை வருஷத்துக்கொருமுறை வருவதும், மற்றவை மேஷத்திலிருந்து ரிஷபத்துக்குப் போக, இவ்விரண்டு மட்டும் ரிஷபத்திலிருந்து மேஷத்துக்கு வருவதும் சோதிடரின் மனம்போன போக்கல்ல. (தினந்தோறும் ஒன்றரை மணி நேரம் நம்மைக் கட்டிப்போடும் ராகுகாலத்துக்கும் இதற்கும் யாதொரு சம்பந்தமுமில்லை, அது பகற்பொழுதை எட்டாகப் பிரித்து ஒரு கூற்றுக்கு இட்ட பெயர்.)

1825இல் ‘காலசங்கலித’ என்ற நூலைச் சென்னையில் வெளியிட்ட ஜோன் வாரன், புதுச்சேரியில் ஒரு தமிழ்ப் பஞ்சாங்கக்காரர் கடதாசியும் பேனாவுமின்றித் தரையிலே சோழிகளைப் பரப்பி நகர்த்தி, வேண்டிய வாய்பாடுகளையெல்லாம் மனப்பாடத்திலிருந்தே எடுத்து, அவ்வாண்டு மே 31ஆந் தேதியிரவுச் சந்திர கிரகணத்தைக் கணித்த விதத்தை எழுதிவைத்திருக்கிறார். தொடக்க நேரம் 4 நிமிஷந்தான் பிசகிற்று. நடு 23, முடிவு 52 நிமிஷம் பிசகின. அம்மனிதருக்குத் தத்துவம் ஏதும் தெரியாதென்பது வாரனின் அபிப்பிராயம். தெரியாமலே இவ்வளவு தூரம் கொண்டுசேர்த்தது அம்முறையின் பெருமை என்று நான் கொள்வேன். 1952இல் அதை ஆராய்ந்த நொய்கெபௌவர் என்னும் அறிஞர் பண்டைப் பாபிலோனியரின் கணக்குச் சாயலை அதிலே கண்டார்.

ஐரோப்பாவுக்கும் ஒரு கற்பனைக் கிரகம் இருந்தது. புதனின் சஞ்சாரத்தில் தென்பட்ட சிறு பிசகுக்குக் காரணம் சூரியனுக்கருகே ஒளிந்திருக்கும் வேறொரு கிரகமாகலாம் என்று 1859இல் லெவெரியே என்னும் வானியலார் கருத, அதற்கு வல்கன் என்று பெயருமிட்டு, கிரகண வேளைகளில் தேடி, கண்டேனென்று சாதித்தவர்களும் உண்டு. 1915இல் ஐன்ஸ்டைனின் கோட்பாடு அப்பிசகுக்கு வேறு காரணங் காட்டியதும் வல்கன் சுவடின்றிப் போயிற்று. ராகுவின் கதி வேறு. அசுரனை அப்புறப்படுத்திவிட்டாலும் அவன் நின்ற ஸ்தானம் அப்படியே இருக்கிறது. இன்றைய வானியலாரும் அந்த ஸ்தானத்தை வைத்தே கிரகணத்தை விளக்குகின்றனர்.

இதே கரையில், கல்முனையிலும் அக்கரைப்பற்றிலும், கிரகணம் பிடித்தால் பள்ளிவாசலில் கிரகணத் தொழுகை உண்டு. நபிகள் நாயகத்தின் சின்னஞ்சிறு மகன் இப்ராகீம் மறைந்த நாளில் சூரியன் இருள, அக்குழந்தைக்காகவே இருண்டதென்று ஜனங்கள் பேசிக்கொண்டபோது, எவருடைய மரணத்துக்காகவும் பிறப்புக்காகவும் கிரகணம் நேர்வதில்லையென்று நாயகம் அவர்கள் திருத்திச் சொன்னார்கள். அந்தக் கிரகணம் கி.பி. 632 ஜனவரி 27ஆந் தேதியதாகக் கணக்கிடப்பட்டிருக்கிறது.

223 அமாவாசைகள், அதாவது 18 வருஷமும் ஏறத்தாழ 11 நாளும் கழிந்தால், சூரியன், சந்திரன், சந்தி மூன்றும் கிட்டத்தட்டப் பழைய நிலைக்கு மீள்கின்றன. கூடவே எட்டு மணி நேரம் எஞ்சுவதால் நிழல் மட்டும் பூகோளத்தில் மூன்றிலொரு பங்கு மேற்கே தள்ளி விழுகிறது. 1955 ஜூன் 20ஆந் தேதி இலங்கையைக் கடந்து சென்று, உச்சத்தில் 7 நிமிஷத்துக்கு மேல் நீடித்த பூரண கிரகணம் இவ்வாறே 1973இல் சகாராவிலும், 1991இல் மெக்சிகோவிலும் தோன்றி, 2009 ஜூலை 22இல் இந்தியாவையும் சீனத்தையும் தொட்டது. அதற்குள் அது ஆனியைத் தாண்டி ஆடி அமாவாசையில் வந்து நின்றுவிட்டது. அடுத்து 2027 ஆகஸ்ட் 2, எகிப்திலே பூரணம்; நமக்கு மாலையில் ஒரு பகுதி தெரியும். காலையில் கிழக்கே கடலில் தீர்த்தமாடியவர்கள், மாலையில் மேற்கே வயற்பக்கம் திரும்பி, அதற்குரிய கண்ணாடியில்லாமல் நேராகப் பார்த்துவிடாமல், அதைக் காணலாம். அதன் பின்னர் 2045 ஆகஸ்ட் 12, அதுவும் ஆடி அமாவாசைதான், ஆனால் நிழல் விழுவது அமெரிக்காவில்; 2063 ஆகஸ்ட் 24இல் இந்த வரிசை ஆவணிக்குப் போய்விடும்.